மௌனா கியா: உச்சியில் அந்தி, இடைமலையில் நட்சத்திரம். அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஹவாய் போகிறோம் என்று யாராவது சொன்னால், கடற்கரை விஷயங்களை வேறு யாரிடமாவது கேட்டுக்கொள்வார்கள். மௌனா கியா மலை என்றால் மட்டும் என்னிடம் வருவார்கள். இரண்டு முறை போயிருக்கிறேன். முதல் முறை ஏறக்குறைய எல்லாவற்றையும் தப்பாகச் செய்தேன், அதனால்தான் இரண்டாவது முறை போக வேண்டியிருந்தது. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் பதில் எழுதுவதற்குப் பதிலாக மொத்தமாக இங்கே.

முதலில், இது என்ன பயணம்?

ஹவாய்த் தீவுகளில் பெரிய தீவில் இருக்கிறது மௌனா கியா. உயரம் 4,207 மீட்டர். ஹவாய் மாநிலத்தில் இதைவிட உயர்ந்த இடம் இல்லை. கடலுக்கடியில் இருக்கும் அடிவாரத்திலிருந்து அளந்தால் 10,000 மீட்டருக்கு மேல் வரும் என்பார்கள். எவரெஸ்டை மிஞ்சிய மலை என்று சுற்றுலாக்காரர்கள் பெருமையடிப்பது இந்தக் கணக்கை வைத்துத்தான்.

மதியம் போல வேனில் ஏற்றிக்கொள்வார்கள். நடுவழியில் சாப்பாடு. 2,800 மீட்டரில் இருக்கும் பார்வையாளர் நிலையத்தில் கொஞ்ச நேரம் நிறுத்தி, உடம்பை உயரத்துக்குப் பழக்குவார்கள். அப்புறம் உச்சிக்குப் போய் சூரியன் மறைவதைப் பார்த்துவிட்டு, கீழே மலையின் நடுப்பகுதிக்கு (அதைத்தான் இடைமலை என்கிறேன்) இறங்கி வந்து நட்சத்திரம் பார்ப்பது. எல்லாம் முடிந்து விடுதிக்குத் திரும்ப ஏழெட்டு மணி நேரம் ஆகிவிடும். நடை அதிகம் இல்லை, மலையேற்றம் என்று பயப்பட வேண்டாம். பயப்பட வேண்டிய விஷயம் வேறு, கீழே சொல்கிறேன்.

நட்சத்திரங்களை உச்சியில் வைத்தே பார்க்கலாமே, ஏன் கீழே இறக்குகிறார்கள்?

எல்லாரும் கேட்கும் கேள்வி இது. முதல் முறை நானும் வழிகாட்டியிடம் கொஞ்சம் கோபமாகவே கேட்டேன். இவ்வளவு காசு கொடுத்து மேலே வந்துவிட்டு, முக்கியமான நேரத்தில் கீழே போ என்றால் எப்படி?

ஒரு காரணம் விதி. சூரியன் மறைந்து அரை மணி நேரத்துக்குள் பொதுமக்களின் வண்டிகள் உச்சியை விட்டு இறங்கிவிட வேண்டும். உச்சியில் இருக்கும் பெரிய தொலைநோக்கிகள் வேலையைத் தொடங்கும் நேரம் அது. அப்போது வண்டியின் முகப்பு விளக்கு வெளிச்சம் அங்கே ஆகாது.

இன்னொரு காரணம் நம் கண். அதை அவர் விளக்கிய பிறகுதான் என் கோபம் அடங்கியது. உடம்பில் ஆக்சிஜனை மிக அதிகமாகச் செலவழிக்கும் திசுக்களில் விழித்திரையும் ஒன்று. உச்சியில் காற்றழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் சுமார் 60 சதவீதம்தான். இருட்டில் பார்க்க உதவும் செல்கள்தான் இதில் முதலில் அடி வாங்கும். விமானிகளுக்கு 1,500 மீட்டர் உயரத்திலேயே இரவுப் பார்வை குறையத் தொடங்கும் என்று சொல்லிக்கொடுக்கிறார்கள், இது 4,200. அதனால் வெறும் கண்ணுக்கு உச்சியில் தெரிவதைவிட இடைமலையில் அதிக நட்சத்திரம் தெரியும். மேலே இருக்கும் தொலைநோக்கிக்கு ஆக்சிஜன் தேவையில்லை, நமக்குத் தேவை.

ஆகவே உச்சி அந்திக்கு, இடைமலை இரவுக்கு. இதை மனதில் வாங்கிக்கொண்டால் ஏமாற்றமே இருக்காது.

எந்தத் தேதியில் போவது?

நிறுவனம், விலை, சாப்பாடு எல்லாவற்றுக்கும் முன்னால் பார்க்க வேண்டியது நிலாவை. நான் முதல் முறை போனது பௌர்ணமிக்கு முந்தைய நாள். இடம் சுலபமாகக் கிடைத்ததே என்று சந்தோஷப்பட்டேன். ஏன் சுலபமாகக் கிடைத்தது என்று யோசிக்கவில்லை. அன்று இரவு இடைமலையில் நின்றபோது என் நிழல் தரையில் தெளிவாக விழுந்தது, செருப்பின் வார்கூடத் தெரிந்தது. பால்வீதி இருக்க வேண்டிய இடத்தில் வெளிறிய வானம். நிலாவின் பள்ளங்களைத் தொலைநோக்கியில் காட்டி ஒப்பேற்றினார்கள். முன்பதிவு செய்தபோது நிலாவைப் பற்றி அந்த நிறுவனம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பார்களோ என்னவோ.

நமக்கு இதில் ஒரு வசதி இருக்கிறது: வீட்டில் தொங்கும் நாள்காட்டி. தேய்பிறைச் சதுர்த்தியிலிருந்து அமாவாசை தாண்டி வளர்பிறைச் சதுர்த்தி வரை, இந்தப் பதினைந்து நாள்தான் நல்ல நேரம். சங்கடஹர சதுர்த்திக்கு விரதம் இருப்பவர்களைக் கேளுங்கள், நிலா எத்தனை மணிக்கு மேல் வரும் என்று அவர்களுக்கு அத்துப்படி. ஒன்பது மணி வாக்கில் அது எழுவதற்குள் பயணத்தின் நட்சத்திர நேரம் பெரும்பாலும் முடிந்திருக்கும். வளர்பிறைச் சதுர்த்தி வரை மாலையில் தெரிவது மெல்லிய பிறை, அதுவும் சீக்கிரம் மறைந்துவிடும். தொல்லை அவ்வளவாக இல்லை.

ஒன்றை மட்டும் கவனியுங்கள். ஹவாய் நேரம் இந்திய நேரத்துக்குப் பதினைந்தரை மணி நேரம் பின்னால். நம் நாள்காட்டி அமாவாசை என்று காட்டும் தேதி அங்கே பெரும்பாலும் ஒரு நாள் முன்னதாக வரும்.

எந்த மாதம் நல்லது? என்னென்ன தெரியும்?

எல்லா மாதமும் நல்லதுதான். எது தெரியும் என்பதுதான் மாறும்.

டிசம்பரிலிருந்து மார்ச் வரை மாலையில் கார்த்திகைக் கூட்டம், ரோகிணி, திருவாதிரை என்று நமக்குத் தெரிந்த முகங்கள் எல்லாம் மேலே இருக்கும். தெற்கே தாழ்வாக, பளிச்சென்று ஒன்று நிற்கும். அதுதான் அகத்தியர் நட்சத்திரம். கார்த்திகையை ஹவாய்க்காரர்கள் மகாலீ என்கிறார்கள். மாலையில் அது கிழக்கே எழும் காலத்தில் அவர்களுடைய மகாஹிகி என்ற திருவிழாப் பருவம் தொடங்கும். ஜப்பானியர்களுக்கு அதே கூட்டம் சுபாரு. உச்சியில் இருக்கும் ஜப்பானியத் தொலைநோக்கிக்கும் அதுதான் பெயர். வழிகாட்டி சுபாரு என்று சொல்லும்போது மனதுக்குள் கார்த்திகை என்று மொழிபெயர்த்துக்கொள்ளலாம்.

மே, ஜூனில் போனால் நேர் உச்சந்தலைக்கு மேல் ஆரஞ்சு நிறத்தில் ஒரு நட்சத்திரம் வரும். நம்முடைய சுவாதி. ஹவாய் மொழியில் ஹோகூலேயா, மகிழ்ச்சியின் நட்சத்திரம். அது தலைக்கு நேர் மேலே கடந்தால் நம் படகு ஹவாயின் அட்சரேகையில் இருக்கிறது என்று பொருள். திசைகாட்டி இல்லாமல் பசிபிக்கில் அலைந்தவர்கள் வீட்டு வழியைக் கண்டுபிடித்தது இப்படி. 1976இல் அதே பெயர் வைத்த இரட்டைப் படகு ஒன்று, பழைய முறையில் நட்சத்திரங்களையும் அலைகளையும் மட்டும் பார்த்தபடி, கருவிகள் இல்லாமல் ஹவாயிலிருந்து தாஹித்தி வரை போய்ச் சேர்ந்தது. வழிகாட்டிகள் இந்தக் கதையை நன்றாகச் சொல்வார்கள், கேளுங்கள்.

அதே மே, ஜூனில் தெற்கு அடிவானத்தில் திரிசங்கு எனப்படும் தென் சிலுவையும் தெரியும். அமெரிக்கப் பயணிகள் அதைப் பார்த்து ஆரவாரம் செய்வார்கள். தமிழ்நாட்டில் வளர்ந்தவர்கள் அமைதியாக இருக்கலாம். நம் ஊர் அட்சரேகை இன்னும் தெற்கே என்பதால் அங்கே அது இதைவிட உயரமாகவே வரும், விளக்குகள்தான் மறைத்துவிடுகின்றன.

பால்வீதியின் நடுப்பகுதியைப் பார்க்க ஆசையென்றால் ஜூன் கடைசியிலிருந்து செப்டம்பர் வரை. கேட்டையும் மூலமும் சேர்ந்த விருச்சிகம் கொக்கி போலத் தெற்கே நிற்கும். அதன் பக்கத்தில் வெள்ளைப் புகை எழுவது போல இருக்கும். முதலில் மேகம் என்றுதான் நினைத்தேன். நகரவில்லை என்ற பிறகுதான் புரிந்தது.

சொந்தமாக, வாடகைக் காரில் போகக்கூடாதா?

பார்வையாளர் நிலையம் வரை போகலாம், தார்ச் சாலைதான். அதற்கு மேல் நான்கு சக்கர இயக்கம் உள்ள வண்டிக்கு மட்டும் அனுமதி, காவலர்கள் நிறுத்திப் பார்க்கிறார்கள். சாலையில் பாதிக்கு மேல் சரளை, சரிவு சில இடங்களில் 15 சதவீதத்தைத் தாண்டும். ஏறுவதைவிட இறங்குவதுதான் ஆபத்து. பிரேக்கை அழுத்திக்கொண்டே வந்தால் சூடேறிப் பிடிக்காமல் போய்விடும், தாழ்ந்த கியரில்தான் இறங்க வேண்டும். அதுவும் கும்மிருட்டில். வாடகை ஒப்பந்தங்கள் பலவற்றில் இந்தச் சாலைக்கு அனுமதியில்லை என்று சின்ன எழுத்தில் இருக்கும். படித்துப் பாருங்கள், வண்டிக்கு ஏதாவது ஆனால் முழுச் செலவும் உங்கள் தலையில்.

ஓட்டுபவருக்கும் மூளைக்கு ஆக்சிஜன் குறைவாகத்தான் போகும் என்பதை மறக்க வேண்டாம். அடிக்கடி மேலே போய்வரும் ஓட்டுநருக்குப் பின்னால் நாம் உட்கார்ந்து தலைவலியோடு வருவது வேறு. தலைவலியோடு நாமே ஓட்டுவது வேறு.

உயரம் உடம்புக்கு ஒத்துக்கொள்ளுமா?

இதுதான் நான் சொன்ன பயப்பட வேண்டிய விஷயம். மற்ற உயரமான மலைகளில் நாள் கணக்கில் மெதுவாக ஏறுவார்கள். இங்கே காலையில் கடலில் கால் நனைத்துவிட்டு மாலையில் 4,200 மீட்டரில் நிற்கிறோம். உடம்புக்கு விஷயம் புரிவதற்குள் மேலே போய்விடுகிறோம்.

என் பக்கத்து இருக்கையில் ஒரு சிறுவன் வைத்திருந்த சிப்ஸ் பாக்கெட் ஏற ஏற உப்பி, தலையணை மாதிரி ஆகிவிட்டது. அவன் அதை விரலால் தட்டித் தட்டிச் சிரித்துக்கொண்டிருந்தான். பாக்கெட்டுக்குள் இருக்கும் காற்று விரிவது போலத்தான் வயிற்றுக்குள் இருப்பதும். அதனால் அன்று பயறு, பீன்ஸ், சோடா வகைகள் வேண்டாம். மது வேண்டவே வேண்டாம், முந்தின நாள் இரவும் சேர்த்து.

உச்சியில் வண்டியை விட்டு இறங்கியதும் லேசாகத் தலை சுற்றும். பத்தடி வேகமாக நடந்தால் மாடிப்படி ஏறியது போல மூச்சு வாங்கும். தலைவலி, குமட்டல் வருவதும் சகஜம். நிறையத் தண்ணீர் குடியுங்கள், மெதுவாக நடங்கள், படம் எடுக்க ஓடாதீர்கள். பார்வையாளர் நிலையத்தில் குறைந்தது அரை மணி நேரமாவது இருந்துவிட்டுத்தான் மேலே போக வேண்டும் என்பது அங்கே சொல்லப்படும் அறிவுரை. அந்த நேரம் வீணாகிறது என்று முணுமுணுக்காதீர்கள்.

தலைவலி அதிகமானாலோ, வாந்தி வந்தாலோ, நடை தள்ளாடினாலோ, பேச்சு குழறினாலோ உடனே வழிகாட்டியிடம் சொல்லிவிட வேண்டும். மருந்து ஒன்றுதான்: கீழே இறங்குவது. மற்றவர்களின் அந்தியைக் கெடுக்கிறோமே என்று கூச்சப்பட்டுச் சும்மா இருப்பவர்கள்தான் மோசமாக மாட்டிக்கொள்கிறார்கள். நம்மவர்களில் அப்படி நிறையப் பேர்.

யார் போகக்கூடாது?

கர்ப்பிணிகள், 13 வயதுக்குக் குறைந்த குழந்தைகள், இதய நோயோ மூச்சுக் கோளாறோ உள்ளவர்கள் பார்வையாளர் நிலையத்துக்கு மேல் போக வேண்டாம் என்பது அதிகாரப்பூர்வமான அறிவுரை. சர்க்கரை, இரத்த அழுத்தம் என்று மாத்திரை சாப்பிடுகிறவர்கள் தங்கள் மருத்துவரைக் கேட்டுவிட்டு முன்பதிவு செய்யுங்கள். முதுகுவலிக்காரர்களுக்கு அந்தச் சரளைச் சாலை நல்ல குலுக்கல் கொடுக்கும்.

அம்மா அப்பாவை அழைத்துப் போகலாமா என்று கேட்பவர்களுக்கு: வயது பிரச்சினை இல்லை, உடம்புதான். சந்தேகம் இருந்தால் அவர்களை இடைமலை வரை மட்டும் அழைத்துப் போங்கள். நட்சத்திரம் அங்கேதானே.

முந்தின நாள் ஸ்கூபா போகிறோம், பரவாயில்லையா?

கூடாது. கடலடியில் மூழ்கி வந்து 24 மணி நேரமாவது கழியாமல் மலையேறினால் இரத்தத்தில் கரைந்த நைட்ரஜன் குமிழாகிவிடும். விமானம் ஏறுவதற்குச் சொல்லும் அதே எச்சரிக்கைதான். முதலில் மலை, மறுநாள் கடல் என்று திட்டத்தை மாற்றிப் போட்டால் தொல்லையே இல்லை. மேலோட்டமாக மிதந்தபடி மீன் பார்ப்பதற்கு இந்தத் தடை கிடையாது.

ஹவாயில் குளிருமா என்ன?

குளிரும். உச்சியில் சூரியன் மறைந்ததும் உறைநிலையைத் தொட்டுவிடும், காற்று வேறு. குளிர்காலத்தில் பனியே விழும். மௌனா கியா என்ற பெயருக்கே வெள்ளை மலை என்று பொருள் சொல்கிறார்கள். பெரும்பாலான நிறுவனங்கள் தடித்த அங்கியும் கையுறையும் கொடுக்கும். உள்ளே போட முழுக்கைச் சட்டை, முழுக்கால் பேண்ட், காலுறை, மூடிய ஷூ ஆகியவை உங்கள் பொறுப்பு. காதை மூட ஒரு குல்லாயும் வேண்டும். நான் செருப்போடு போனேன் என்று மேலேயே உளறிவிட்டேன், அதைப் பற்றி இதற்கு மேல் கேட்காதீர்கள்.

வெயில் இருக்கும்போது போவதால் கறுப்புக் கண்ணாடியும் தேவை. அந்த உயரத்தில் வெயில் சுரீரென்று பிடிக்கும், உதடு வெடிக்கும்.

சாப்பாடு, கழிப்பறை?

சாப்பாடு பெரும்பாலும் கட்டணத்திலேயே அடங்கும். சைவம் என்றால் முன்பதிவின்போதே எழுதிவிடுங்கள், வண்டியில் ஏறிய பிறகு சொன்னால் ரொட்டியும் இலையும்தான். மலைமேல் ஓட்டலோ பெட்ரோல் பங்கோ கிடையாது. கழிப்பறை பார்வையாளர் நிலையத்தில் இருக்கிறது. உச்சியில் தற்காலிகக் கூண்டுகள்தான், கீழேயே வேலையை முடித்துக்கொள்வது உத்தமம். சூடான பானம் கொடுத்தால் உடனே குடித்துவிடுங்கள். உச்சியில் தண்ணீர் 86 டிகிரியிலேயே கொதித்துவிடும், அதனால் சூடு என்பதே கொஞ்சம் குறைவுதான்.

உச்சியில் எதைப் பார்ப்பது?

எல்லாரும் மேற்கே பார்த்து நிற்பார்கள். சரி, பாருங்கள். மேகங்கள் நம் காலுக்குக் கீழே, பஞ்சு கொட்டியது போல இருக்கும். அந்த மேகப் பரப்புக்குள் சூரியன் இறங்கும். சுமார் 2,000 மீட்டர் உயரத்தில் சூடான காற்றடுக்கு ஒன்று மூடி போல இருந்து மேகத்தை மேலே வர விடாமல் வைத்திருக்கிறது. மலைக்கு மேல் வானம் இவ்வளவு தெளிவாக இருப்பதற்கும், வானியலாளர்கள் தேடி வந்ததற்கும் பெரிய காரணம் அதுதான். வடமேற்கில் மேகத்துக்கு மேல் இன்னொரு தலை தெரிந்தால் அது மாவி தீவின் ஹலேயாகலா மலை.

ஆனால் சூரியன் தொடுவானத்தைத் தொடுவதற்குக் கொஞ்சம் முன்னால் முதுகைத் திருப்பிக் கிழக்கே பாருங்கள். முதல் முறை இதை நான் தவறவிட்டேன். இரண்டாவது முறை வழிகாட்டி என் தோளைத் தட்டித் திருப்பினார். மலையின் நிழல் மேகத்தின் மேல் நீல நிறத்தில் விழுந்து, ஒரு கச்சிதமான முக்கோணமாக அடிவானம் வரை நீண்டிருந்தது. மௌனா கியா ஒன்றும் கூம்பு வடிவ மலை இல்லை. கவிழ்த்த கேடயம் போல அகலமாகப் படுத்திருக்கும் எரிமலை. ஆனாலும் நிழல் முக்கோணம்தான். நீண்ட தண்டவாளம் தூரத்தில் ஒன்று சேர்வது போலத் தெரிகிறதே, அதே விஷயம். எந்த மலையின் நிழலும் உச்சியிலிருந்து பார்த்தால் தூரத்தில் கூராகிவிடும். பார்த்துக்கொண்டிருக்கும்போதே அந்த முனை அடிவானத்தைத் தாண்டி மேலே காற்றில் எழும்பியது. சூரியன் போனதும் கிழக்கே கருநீலப் பட்டை ஒன்று எழுந்தது, அதன் மேல் இளஞ்சிவப்பு. அந்தக் கருநீலம் பூமியின் நிழல். மலையின் நிழல் அதற்குள் போய்க் கரைந்துவிட்டது.

இது நடப்பது சில நிமிடங்கள். அந்த நேரத்தில் பாதிப் பேர் மேற்கே பார்த்துத் தங்களையே படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

அந்தப் பெரிய தொலைநோக்கிகளில் நாமும் பார்க்கலாமா?

முடியாது. அவற்றில் கண் வைத்துப் பார்க்கும் இடமே இல்லை, எல்லாம் கருவிகள்தான். வானியலாளர்களே இப்போது பெரும்பாலும் கீழே ஹிலோ, வைமேயா ஊர்களில் திரை முன்னால் உட்கார்ந்துதான் இயக்குகிறார்கள். வெளியிலிருந்து பார்ப்பதே நல்ல காட்சிதான். அந்தி நேரத்தில் கூண்டுகள் திறந்து மெதுவாகத் திரும்பும்.

இரட்டை வெள்ளை உருண்டைகள் கெக் தொலைநோக்கிகள். ஒவ்வொன்றிலும் 10 மீட்டர் அகலக் கண்ணாடி, அது ஒற்றைக் கண்ணாடி இல்லை, 36 அறுகோணத் துண்டுகளைச் சேர்த்தது. நம் பால்வீதியின் நடுவில் இருக்கும் பெரும் கருந்துளையை ஆராய்ந்து 2020இல் இயற்பியல் நோபல் பெற்ற ஆண்ட்ரியா கெஸ் இங்கே எடுத்த பதிவுகளைத்தான் ஆண்டுக்கணக்கில் பயன்படுத்தினார். உருளை வடிவில் நிற்பது சுபாரு, 8.2 மீட்டர். 2019இல் உலகமே பார்த்த அந்த முதல் கருந்துளைப் படத்திலும் இந்த மலையின் இரண்டு ரேடியோ நிலையங்களுக்குப் பங்கு உண்டு.

கீழே இறங்கிய பிறகு சில இரவுகளில் உச்சியிலிருந்து மஞ்சள் கதிர் ஒன்று வானில் பாய்வதைப் பார்க்கலாம். 90 கிலோமீட்டர் உயரத்தில் இருக்கும் சோடியம் அணுக்களை ஒளிரச் செய்து ஒரு செயற்கை நட்சத்திரத்தை உண்டாக்கும் லேசர் அது. அதை அளவுகோலாக வைத்துக் காற்றின் அசைவைத் திருத்திக்கொள்கிறார்கள்.

நமக்குக் காட்டுவது வழிகாட்டி கொண்டுவரும் சிறிய தொலைநோக்கி. அதில் சனியின் வளையமும் வியாழனின் நான்கு நிலாக்களும் அசத்தும். நெபுலா, கேலக்ஸி எல்லாம் சாம்பல் நிறப் பூச்சாகத்தான் தெரியும். படங்களில் பார்க்கும் சிவப்பும் ஊதாவும் நம் கண்ணுக்கு எட்டாது.

இடைமலையில் செல்போனைப் பயன்படுத்தலாமா?

கண் இருட்டுக்குப் பழக இருபதிலிருந்து முப்பது நிமிடம் ஆகும். யாராவது ஒருவர் திரையை ஒரு நொடி திறந்தால் அவ்வளவும் பாழ், பக்கத்தில் நிற்பவருக்கும் சேர்த்து. சிவப்பு விளக்கு மட்டும் பரவாயில்லை. எங்கள் கூட்டத்தில் ஒருவர் கீழே விழுந்த மூடியைத் தேட டார்ச் போட்டார். இருட்டிலிருந்து ஐந்தாறு மொழிகளில் திட்டு வந்தது.

படம் எடுக்க ஆசையென்றால் சின்ன முக்காலி கொண்டு போங்கள். இரவு முறையில் வைத்து, திரையின் வெளிச்சத்தை அடிமட்டத்துக்குக் குறைத்து, கூட்டத்தை விட்டுத் தள்ளி நின்று எடுங்கள். ட்ரோனுக்கு மலையில் அனுமதி இல்லை.

மேகம் மூடினால், சாலையை அடைத்துவிட்டால்?

கடற்கரையில் மழை என்றால் மலையிலும் மழை என்று அர்த்தமில்லை. ஹிலோவில் குடை பிடித்துக் கிளம்பி மேலே தெளிந்த வானத்தைப் பார்த்தவர்கள் உண்டு. ஆனால் பனி, உறைபனி, பலத்த காற்று என்றால் உச்சிச் சாலையை அடைத்துவிடுவார்கள். அப்போது இடைமலையோடு நிறுத்திக்கொள்ளும் நிறுவனங்கள் உண்டு, பணத்தைத் திருப்பித் தருபவர்களும் உண்டு. எது என்று முன்பதிவுக்கு முன்னால் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். தீவுக்கு வந்த முதல் நாட்களிலேயே பயணத்தை வைத்துக்கொண்டால், தள்ளிப்போனாலும் இன்னொரு நாள் கையில் இருக்கும்.

உள்ளூர் மக்கள் எதிர்க்கிறார்கள் என்று கேள்விப்பட்டேனே?

மௌனா கியா ஹவாய்ப் பூர்வகுடி மக்களுக்குப் புனித மலை. வானத் தந்தை வாகேயாவோடு சேர்த்துச் சொல்லப்படும் இடம், பனித் தெய்வம் போலியாஹூவின் வீடு. 1968இல் மாநில அரசு உச்சிப் பகுதியை ஹவாய்ப் பல்கலைக்கழகத்துக்கு 65 ஆண்டுக் குத்தகைக்குக் கொடுத்தது. அப்புறம் ஒன்றன்பின் ஒன்றாகத் தொலைநோக்கிகள் வந்தன. 30 மீட்டர் தொலைநோக்கி ஒன்றைக் கட்டப் போனபோது எதிர்ப்பு வெடித்தது. 2019 ஜூலையில் மலைச் சாலையில் உட்கார்ந்த முதியவர்கள் பலர் கைது செய்யப்பட்டார்கள். அந்தத் திட்டத்தில் இந்தியாவும் பங்காளி என்பதால் நமக்குச் சம்பந்தமில்லாத சண்டை என்று நாம் ஒதுங்கிவிட முடியாது. 2022இல் பூர்வகுடிப் பிரதிநிதிகளும் இடம்பெறும் புதிய நிர்வாக ஆணையம் சட்டப்படி அமைக்கப்பட்டது. பழைய தொலைநோக்கிகள் இரண்டை ஏற்கனவே அகற்றிவிட்டார்கள்.

எதிர்ப்பவர்கள் எல்லாரும் வானியலை எதிர்ப்பவர்கள் இல்லை. யாரைக் கேட்டுக் கட்டினீர்கள் என்பதுதான் அவர்கள் கேள்வி, அது எனக்கு நியாயமாகவே படுகிறது. பயணியாகப் போகிற நாம் செய்ய வேண்டியது சின்ன விஷயங்கள்: உச்சிக் குன்றின் மேல் ஏறாதீர்கள், கீழே நின்று பார்த்தால் போதும். கல்லை அடுக்காதீர்கள், எடுத்து வராதீர்கள். கோயில் பிராகாரத்தில் எப்படி நடப்போமோ அப்படி.

இது எரிமலை என்றால் வெடிக்காதா?

கடைசியாக வெடித்துச் சுமார் 4,500 ஆண்டுகள் ஆகின்றன. எதிரே தெரியும் மௌனா லோவாதான் 2022இல் பொங்கியது. நீங்கள் போகும் அன்று கவலைப்பட வேண்டியது எரிமலையை அல்ல, தலைவலியை.

எவ்வளவு செலவாகும்? குறைந்த செலவில் வழி உண்டா?

ஒருவருக்கு 200 டாலருக்கு மேல் ஆகும், டிப்ஸ் தனி. அமெரிக்காவில் வழிகாட்டிக்கு 15 முதல் 20 சதவீதம் கொடுப்பது வழக்கம், அதையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள். உச்சிக்கு அழைத்துப் போக அனுமதி பெற்ற நிறுவனங்கள் கொஞ்சம்தான், அமாவாசை நாட்கள் சீக்கிரம் தீர்ந்துவிடும்.

பட்ஜெட் இடிக்கிறது என்றால் உச்சியை விட்டுவிடுங்கள். சாதாரண வாடகைக் காரில் ஹிலோவிலிருந்து சுமார் ஒரு மணி நேரத்தில் பார்வையாளர் நிலையம் போய்விடலாம். அந்த நிலையத்துக்கு எலிசன் ஒனிசூகாவின் பெயரை வைத்திருக்கிறார்கள். இதே தீவில் பிறந்தவர், 1986இல் சேலஞ்சர் விண்கல விபத்தில் இறந்த ஏழு பேரில் ஒருவர். நிலையத்துக்கு எதிரே சின்னக் குன்று இருக்கிறது, மூச்சு வாங்கினாலும் ஏறிவிடலாம், அங்கிருந்து அந்தி நன்றாகத் தெரியும். வண்டி நிறுத்த இடம் குறைவு, நேரத்தோடு போங்கள். பெட்ரோலைக் கீழேயே நிரப்பிக்கொள்ளுங்கள். இருட்டியதும் வண்டியின் உள்விளக்கை அணைத்துவிட்டு, கதவைத் திறந்து வெளியே வந்து அரை மணி நேரம் சும்மா நில்லுங்கள். முதல் பத்து நிமிடம் ஒன்றும் பெரிதாகத் தெரியாது, அதைப் பார்த்து வண்டிக்குள் திரும்பிவிடாதீர்கள்.